இருபது ரூபாய்த் தாள்

காலை நிகழ்ச்சி முடிந்து ஒலிபரப்புக் கூடத்தை விட்டு வெளியே வந்தேன். கைப்பேசியில் மாமாவின் அழைப்புகள் நான்கு. என் அம்மாவின் தம்பி. கப்பல் பட்டறையில் இருபது ஆண்டுகளுக்கு மேலாக வேலை செய்கிறார். வேலை நேரத்தில் அழைக்கவே மாட்டார்.

“ஏம்மா, நம்ம மனையைக் காலி பண்ணச் சொல்லி ஊருல கேஸ் போட்டிருக்காங்க” என்றார்.

பட்டுக்கோட்டைப் பக்கம் பத்து சென்ட் மனை. 2014ல் தூரத்து உறவினர் ஒருவரிடம் வாங்கியது. முழுப் பணத்தையும் கொடுத்தாயிற்று. இருபது ரூபாய் முத்திரைத்தாளில் கிரய ஒப்பந்தம் எழுதினார்கள். ‘ஒரு வருடத்துக்குள் கிரயம் செய்துகொள்வது’ என்று அதில் ஒரு வரி. அன்றே மனை மாமாவின் கைக்கு வந்தது. வேலி போட்டார், போர் இறக்கினார், தென்னம்பிள்ளை நட்டார். பத்திரப்பதிவு மட்டும் ‘அடுத்த லீவுல பாத்துக்கலாம்’ என்று தள்ளிக்கொண்டே போனது. விற்றவர் காலமானார். பட்டா அவருடைய பிள்ளைகள் பெயருக்கு மாறியது. பிறகு வழக்கு.

“பணம் குடுத்திருக்கேன், பேப்பர் இருக்கு, எடமும் என்கிட்டதான் இருக்கு. இதுக்கு மேல என்னம்மா வேணும்?”

ஊரில் உள்ள வழக்கறிஞரிடம் இதையே கேட்டோம். பொறுமையாக விளக்கினார்.

இந்தியாவின் சொத்து மாற்றுச் சட்டத்தில் 53ஏ என்று ஒரு பிரிவு உண்டு. எழுத்துப்பூர்வ ஒப்பந்தத்தின்படி இடத்தைச் சுவாதீனம் எடுத்து, தன் பங்கையும் நிறைவேற்றியவரை, கிரயம் ஆகவில்லை என்று சொல்லி விற்றவர் தரப்பு வெளியேற்ற முடியாது. மாமாவைப் போன்றவர்களுக்கென்றே 1929ல் சேர்த்த கேடயம். ஆனால் 2001ல் சட்டத்தைத் திருத்தினார்கள். அதன்பின் எழுதிய ஒப்பந்தம் பதிவாகியிருந்தால்தான் இந்தக் கேடயம் கிடைக்கும். மாமாவின் ஒப்பந்தம் பதிவாகவில்லை.

அப்படியானால் அந்தத் தாள் வெறும் குப்பையா? இல்லை. கிரயம் செய்து தரச் சொல்லி வழக்குப் போட்டால், பதிவாகாத ஒப்பந்தத்தையும் சாட்சியமாகக் காட்டலாம். தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் 2023ல் இதை உறுதி செய்தது. ஆனால் அந்த வழக்கை மூன்று ஆண்டுகளுக்குள் போட வேண்டும். ஒப்பந்தத்தில் கெடு இருந்தால் அந்தக் கெடுவிலிருந்து கணக்கு. மாமாவின் ஒரு வருடம் 2015ல் முடிந்தது. 2018ல் அந்த வழியும் அடைபட்டது.

பிள்ளைகளை முழுதாகக் குறை சொல்லவும் எனக்கு மனம் வரவில்லை. ஆள் வைத்து வேலியைப் பிடுங்காமல் நீதிமன்றத்துக்குத்தான் போனார்கள். அப்பா பணம் வாங்கிய விவரம் அவர்களுக்குத் தெரியாமலும் இருந்திருக்கலாம். சமரசம் பேசிப் பார்க்கலாம் என்கிறார் வழக்கறிஞர். “வாங்குன எடத்துக்கே திரும்பவும் காசா?” என்கிறார் மாமா. பேச்சு அங்கேயே நிற்கிறது.

இங்கே வீவக வீடு வாங்கும்போது ஒவ்வொரு கையெழுத்தையும் எத்தனை கவனமாகப் போடுகிறோம்! ஊர் என்றதும் ‘நம்ம ஆளுதானே’ என்று தளர்ந்துவிடுகிறோம். உறவினர் நல்லவர்தான். அவருக்குப் பிறகு வருகிறவர்களுக்கு நம் வாய்ச்சொல் எப்படித் தெரியும்?

ஊரில் இப்படி ஒரு தாளை நம்பி நீங்களும் மனை வைத்திருந்தால், இந்த வாரமே எடுத்துப் பாருங்கள். சார் பதிவாளர் அலுவலக முத்திரை இருக்கிறதா? கெடு எப்போது முடிகிறது? விற்றவர் நலமாக இருக்கும்போதே கிரயப் பத்திரத்தை முடித்துவிடுங்கள். ஒப்பந்தம் மட்டும் உரிமையைத் தராது. பதிவான கிரயப் பத்திரம்தான் தரும். லீவு கிடைக்கவில்லையென்றால், நம்பிக்கையான ஒருவருக்கு முறைப்படி ‘பவர்’ எழுதிக் கொடுக்கலாம். அதற்கும் முதலில் ஒரு வழக்கறிஞரைக் கேளுங்கள்.

சென்ற ஞாயிறு மாமாவைப் பார்க்கத் தேக்கா போனேன். காப்பிக்கடையில் ஓர் இளைஞர், ஊரில் மனை வாங்கியதாகச் சொல்லிக் கைப்பேசியில் படம் காட்டிக்கொண்டிருந்தார். மாமா படத்தைப் பார்க்கவில்லை.

“பதிஞ்சாச்சா தம்பி?” என்று மட்டும் கேட்டார்.