வழக்குக்கு முன்பே வெளிச்சம் வரட்டும்

2023 மார்ச்சில் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் குரூப் 4 தேர்வு முடிவு வந்தபோது, தங்களிடம் படித்தவர்களில் இரண்டாயிரம் பேருக்கு மேல் தேறிவிட்டதாகத் தென்காசி மாவட்டப் பயிற்சி மையம் ஒன்று விளம்பரம் செய்தது. அது சட்டமன்றம் வரை கேள்வியாகப் போனது; அரசும் விளக்கம் கேட்டது. அந்த விளம்பரத்தை ஆராய வேண்டியதுதான். ஆனால் அந்த நாட்களில் பழி சுமந்தது விளம்பரம் கொடுத்தவர்கள் மட்டுமல்ல. பாவூர்சத்திரம், சுரண்டை, ஆலங்குளம் பக்கம் பீடி சுற்றியும் சந்தையில் மூட்டை தூக்கியும் பெற்றோர் படிக்கவைத்த பிள்ளைகள், 2022 ஜூலையில் எழுதிய தேர்வுக்கு எட்டு மாதம் காத்திருந்து தேறியவர்கள், ‘தென்காசியா?’ என்ற ஒற்றைக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியதாயிற்று. எந்த மையத்தில் எத்தனை பேர் எழுதினார்கள், எத்தனை பேர் தேறினார்கள் என்ற கணக்கு முடிவோடு சேர்ந்தே வந்திருந்தால் அந்தச் சந்தேகம் ஒரே நாளில் தீர்ந்திருக்கும்; அல்லது ஒரே நாளில் உறுதியாகியிருக்கும்.

2019 செப்டம்பரில் நடந்த குரூப் 4 தேர்வு இதற்குச் சான்று. தரவரிசையின் உச்சியில் ராமேஸ்வரம், கீழக்கரை மையங்களின் எண்கள் குவிந்து கிடந்ததை முதலில் கவனித்தவர்கள் சக தேர்வர்கள். சில மணி நேரத்தில் மறைந்துவிடும் மையால் விடை குறித்திருந்ததும், பிறகு இடைத்தரகர்கள் சரியான விடைகளை நிரப்பியதும் விசாரணையில் தெரியவந்தன. 99 பேருக்கு வாழ்நாள் தடை. பட்டியலில் இருந்த 39 பேருக்குப் பதிலாகத் தகுதியான வேறு 39 பேர். லட்சக்கணக்கானோர் எழுதிய தேர்வு ரத்தாகவில்லை. தாள்கள் கையில் இருந்ததால் குற்றவாளியையும் குற்றமற்றவரையும் பிரிக்க முடிந்தது. மேற்கு வங்கத்தில் நடந்தது இதற்கு நேர்மாறு. 2016 ஆசிரியர், பள்ளி ஊழியர் தேர்வின் அசல் விடைத்தாள்கள் அழிக்கப்பட்டிருந்தன. நகலும் ஒழுங்காக இல்லை. 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் 25,753 நியமனங்களையும் ரத்து செய்தது. அவர்களில் நேர்மையாகத் தேறியவர்கள் எத்தனை ஆயிரமோ! ஆவணம் இல்லாத இடத்தில் நீதிமன்றத்தாலும் நேர்மையானவரைக் காப்பாற்ற முடியாது.

நீதிமன்றத்தின் கை எவ்வளவு தூரம் நீளும் என்பதையும் பார்க்க வேண்டும். விடைக்குறிப்பு தவறு என்று வழக்குப் போட்டால், அது சந்தேகத்துக்கு இடமின்றித் தவறு என்று மனுதாரர்தான் காட்ட வேண்டும். 1983இல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த அளவுகோல் அது. 2017இல் ரண் விஜய் சிங் வழக்கு அதை இன்னும் இறுக்கியது. அளவுகோலில் குறை சொல்வதற்கில்லை, நீதிபதிகள் வினாத்தாள் திருத்த உட்கார முடியாது. ஆனால் உத்தேச விடைகளை உடனே வெளியிடும் தேர்வாணையம், இறுதி விடைகளைத் தேர்வு நடைமுறை முழுவதும் முடிந்த பிறகுதான் வெளியிடுகிறது. ஒரு மதிப்பெண்ணில் வாய்ப்பை இழந்தவர் எதை வைத்து வழக்குத் தொடுப்பார்? 2019 குரூப் 1 முதல்நிலைத் தேர்வில் 24 வினாக்கள் தவறானவை என்று ஆணையமே ஒப்புக்கொண்டது, ஒரு தேர்வர் உயர் நீதிமன்றம் போன பிறகு. பாவூர்சத்திரத்திலிருந்து மதுரைக் கிளைக்கு பஸ் பிடித்து, வக்கீல் வைத்து, வாய்தாவுக்கு வாய்தா அலைய எத்தனை பேருக்கு வசதி இருக்கிறது? அலைந்தாலும் தீர்ப்பு எப்போது வரும்? 2001ஆம் ஆண்டு நடந்த குரூப் 1 தேர்வில் 83 பேரின் தேர்வை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது 2011இல்; உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது 2014 ஜூனில். வயது வரம்பு அத்தனை ஆண்டு காத்திருக்காது.

எல்லாவற்றையும் திறந்து வைத்தால் வழக்குகள் பெருகி நியமனம் தாமதமாகும் என்பது வலுவான எதிர்வாதம். தேர்வின் ரகசியமும் பேணப்பட வேண்டியதே என்று 2018இல் அங்கேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் மேற்கோள் காட்டுவார்கள். அந்த வழக்கு குடிமைப் பணித் தேர்வின் மதிப்பெண் விவரங்களைப் பற்றியது. மையவாரிக் கணக்கிலும் இறுதி விடையிலும் யாருடைய ரகசியமும் இல்லை. பதிவெண் போதும், பெயர் வேண்டியதில்லை. தேர்வர் தன் விடைத்தாளைப் பார்க்கும் உரிமையை அதே நீதிமன்றம் 2011இலேயே ஏற்றுவிட்டது. தாமதத்தைப் பொறுத்தவரை, தவறான வினாக்கள் முதல் மாதத்திலேயே தீர்க்கப்பட்டால் கடைசி மாதத்தில் வழக்குக்கு வேலை இல்லை. பின்னால் வரும் ஒரு தடையாணை மொத்தப் பட்டியலையும் நிறுத்திவிடும்; முன்னால் எழும் ஆட்சேபம் ஒரு வினாவைத்தான் நிறுத்தும்.

2020க்குப் பிறகு ஆணையம் சும்மா இருக்கவில்லை. கறுப்பு மை மட்டும், ‘விடை தெரியவில்லை’ என்ற ஐந்தாவது வட்டம், ஏ எத்தனை, பி எத்தனை என்று தேர்வரே எண்ணி எழுதும் கட்டங்கள் எல்லாம் வந்தன. பாராட்ட வேண்டியவைதான். ஆனால் இந்த விதிகளின் பாரம் முழுவதும் தேர்வர் தலையில். கட்டத்தில் எண்ணிக்கை தவறினால் மதிப்பெண் குறையும் என்றும் விதி வந்தது. தேர்வரிடம் இவ்வளவு கண்டிப்புக் காட்டும் ஆணையம் தனக்கும் ஒரு கெடு வைத்துக்கொள்ள வேண்டாமா? மதிப்பெண் வெளியாவதற்கு முன் இறுதி விடைகள், முடிவு நாளன்றே மையவாரிக் கணக்கு, வழக்குகள் தீரும்வரை அசல் தாள்கள் பத்திரம்: இந்த மூன்றும் போதும். அடுத்த குரூப் 4 அறிவிக்கையிலேயே இவற்றை எழுதித் தர வேண்டும். அதைச் சட்டமன்றத்தில் கேட்க வேண்டிய முதல் கடமை, 2023இல் பெயர் அடிபட்ட தென்காசி மாவட்டத்தின் உறுப்பினர்களுக்கு இருக்கிறது.