திட்டறதா இருந்தாலும் பேரைச் சொல்லித் திட்டுங்க

படம் இழுவையா இருந்தா "எடிட்டர் தூங்கிட்டாருப்பா". விறுவிறுன்னு போனா "டைரக்டர் பின்னிட்டாரு". நம்மாளுங்க நியாயமே தனி!

எங்க புதுக்கோட்டையில பி.யு.சின்னப்பான்னு ஆரம்பிச்சா பெரிசுங்க மணிக்கணக்கா பேசுவாங்க. ஜெமினி கணேசன் பிறந்த ஊருங்கற பெருமை வேற. 'உதிரிப்பூக்கள்' எடிட்டர் யாருன்னு கேட்டுப் பாருங்க, முழிப்பாங்க. பி.லெனின். டைரக்டர் ஏ.பீம்சிங்கோட மகன்.

1979ல வந்த அந்தப் படத்தோட கடைசிக் காட்சியை நினைச்சுப் பாருங்க. ஊரே திரண்டு நிக்குது. ஒருத்தன் ஆத்துல இறங்கறான். கரையில அவன் பிள்ளைங்க. எந்த முகத்தை எவ்வளவு நேரம் காட்டறது, எப்ப அடுத்ததுக்குப் போறதுங்கறதுதான் அங்க உயிரே. அவசரப்பட்டு வெட்டியிருந்தா வெறும் பழிவாங்கற சீனாப் போயிருக்கும். வெட்டாம விடறதும் எடிட்டிங்தான் சாமி!

அதே மனுஷன் வி.டி.விஜயனோட சேர்ந்து 'நாயகன்' (1987) பண்ணினார். 'காதலன்' (1994) படத்துக்கு ரெண்டு பேருக்கும் எடிட்டிங் தேசிய விருது. 'முக்காலா' வேகத்துலயும் அந்த ஆத்தங்கரை மௌனத்துலயும் இருக்கறது ஒரே கை. அதோட நிக்கல. ஜெயகாந்தன் கதையை 'ஊருக்கு நூறு பேர்'னு படமா எடுத்து, 2001க்கான சிறந்த இயக்குநர் தேசிய விருதும் வாங்கினார்.

"டைரக்டர் சொல்றதைத்தானே எடிட்டர் செய்யறாரு?"னு ஒரு கேள்வி உடனே வரும். நான் சாஃப்ட்வேர் ஆளு. எங்க பொழப்புலயும் ஆயிரம் வரி கோடு எழுதினவனுக்குத்தான் கைதட்டு. அதுல முந்நூறு வரியைத் தூக்கிட்டும் புரோகிராமை ஒழுங்கா ஓட வைக்கறவன் யாரு கண்ணுக்கும் தெரிய மாட்டான். எதைத் தூக்கலாம்னு முடிவெடுக்கறதுக்கு மொத்தமும் புரிஞ்சிருக்கணும். அது எடுபிடி வேலையா?

தைவான் சினிமாவைப் பாருங்க. ஹௌ சியாவ்-சியென் படங்களை அலசறவங்க, பல வருஷம் அவரோட எடிட்டரா இருந்த லியாவ் சிங்-சுங் பேரையும் சேர்த்தே பேசறாங்க. 1989ல வெனிஸ் விழாவுல தங்கச் சிங்கம் ஜெயிச்ச 'எ சிட்டி ஆஃப் சாட்னெஸ்' அவர் எடிட் பண்ணினதுதான். நாம மகேந்திரன், மணிரத்னம், ஷங்கரோட நிறுத்திக்கறோம். மூணு பேர் படத்துலயும் லெனின் இருக்கார், நம்ம பேச்சுல மட்டும் இல்ல.

அடுத்த தடவை "இன்னும் கத்திரி போட்டிருக்கலாம்"னு தீர்ப்பு சொல்றதுக்கு முன்னாடி ஒண்ணே ஒண்ணு பண்ணுங்க. டைட்டில் ஓடும்போது முறுக்கு வாங்கப் போகாம, உக்காந்து அந்த ஒரு பேரைப் படிங்க.