தகுதி வழக்கு தேர்தலுக்கு முன்பே தீரட்டும்

பெங்களூரு பீன்யா தொழிற்பேட்டைத் தொழிலாளிக்குக் கூட்டுறவுச் சங்கம் என்றால் பிள்ளையின் கல்லூரிக் கட்டணத்துக்கு வாங்கும் கடன். பல ஆண்டுகள் சேர்த்த பங்குத்தொகை. அந்தப் பணத்தை ஐந்தாண்டு நிர்வகிக்கப்போவது யார் என்பதை வாக்குச்சீட்டு தீர்மானிக்க வேண்டும். ஆனால் தவணை பாக்கி, பொதுக்கூட்டத்துக்கு வரவில்லை என்ற காரணங்களைக் காட்டி, வேட்புமனுப் பரிசீலனையிலேயே சிலர் கழிக்கப்படுகிறார்கள். பாக்கி வைத்தவர் நிர்வாகக் குழுவுக்கு வரக்கூடாது என்ற விதி நியாயமானது. அந்தப் பாக்கிக் கணக்கு, பதவியில் இருக்கும் குழுவின் கையில் இருப்பதுதான் சிக்கல். இதை நீதிமன்றத்தில் உடனே எதிர்ப்பதும் எளிதல்ல. நாமக்கல் சட்டமன்றத் தொகுதியில் மனு தள்ளப்பட்ட என்.பி. பொன்னுசாமியின் வழக்கில், தேர்தல் தொடங்கியபின் இடையில் தலையிட முடியாது, முடிந்தபின் தேர்தல் மனு போடலாம் என்று 1952இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2001இல் மகாராஷ்டிரப் பால் கூட்டுறவுச் சங்க வழக்கிலும் அதே நெறியைப் பின்பற்றியது. கர்நாடகத்தில் 1959ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 70ஆம் பிரிவின்படி இத்தகைய தாவா பதிவாளரிடம் போகிறது. தேர்தல் தடைபடக்கூடாது என்பது சரியே. ஆனால் பதவிக்காலம் முடியும் தறுவாயில் வரும் தீர்ப்பால் யாருக்கு என்ன பயன்? பாக்கிப் பட்டியலையும் வருகைப் பதிவையும் தேர்தல் அறிவிப்புக்கு 60 நாள் முன்பே வெளியிட வேண்டும். ஆட்சேபங்களை அப்போதே விசாரிக்க வேண்டும். மீறி வரும் தாவாவை 90 நாளில் முடிக்க வேண்டும். 1905இல் கதக் அருகே கணகினஹாளில் நாட்டின் முதல் கூட்டுறவுக் கடன் சங்கங்களுள் ஒன்றைக் கண்ட மாநிலம் இது. உறுப்பினரின் உரிமையைக் காப்பதிலும் அது முன்னே நிற்க வேண்டும்.