கெடு நமக்கு மட்டும்தானா?

சங்கரன்கோவில் மக்களே, தோழர்களே!

ஒரு நாள் தறிக் கூலியை விட்டுட்டு வாய்தாவுக்கு வந்து நிக்கிற நெசவாளியை நம்ம கோர்ட்டு வாசல்ல பாத்திருப்பீங்க. பட்டாவையும் பத்திரத்தையும் மஞ்சப்பையில சுத்தி வச்சிருக்கிற விவசாயியையும் பாத்திருப்பீங்க. இவர்களில் ஒருவருக்குப் பல வருஷம் கழிச்சு, "இடம் உங்களுதுதான்"னு தீர்ப்பு வருதுன்னு வையுங்க. நிம்மதியா மூச்சு விடுறாரு. மூணு வருஷம் கழிச்சு ஒரு நோட்டீஸ் வருது. எதிர்த்தரப்பு அரசுத் துறை இப்பத்தான் அப்பீல் போகுதாம்! காரணம்? "ஃபைல் மேசைக்கு மேசை போனதில் தாமதமாகிவிட்டது."

சட்டம் என்ன சொல்லுது? முன்சீப் கோர்ட் தீர்ப்பை எதிர்த்து சார்பு நீதிமன்றம் போக 30 நாள். அங்கிருந்து மதுரைக் கிளைக்கு இரண்டாம் மேல்முறையீடு செய்ய 90 நாள். தாண்டினால், 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் 5வது பிரிவின்படி "போதுமான காரணம்" காட்ட வேண்டும்.

இந்தப் பிரிவே வேண்டாம்னு நாம சொல்லலை. படுத்த படுக்கையா கிடந்தவருக்கும், வக்கீல் கைவிட்டவருக்கும் இதுதான் கடைசிக் கதவு. வக்கீலை நம்பி ஏமாந்த ஒரு தமிழ்நாட்டுக்காரரின் 883 நாள் தாமதத்தை 1998இல் உச்ச நீதிமன்றம் மன்னித்தது. அது நியாயம்.

ஆனா அந்தக் கதவுக்குள்ள முண்டியடிச்சு நுழையிறது யாரு? 1987இல் ஜம்மு காஷ்மீர் நில எடுப்பு வழக்கில் அரசின் தாமதம் வெறும் 4 நாள். தாராளமாகப் பார்க்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். 2012இல் அஞ்சல் துறை 427 நாள். 2020இல் மத்தியப் பிரதேச அரசு 663 நாள். கர்நாடக வீட்டுவசதி வாரியம் 3,966 நாள், கிட்டத்தட்ட 11 வருஷம்! அதையும் உயர் நீதிமன்றம் மன்னித்தது. 2025 செப்டம்பரில்தான் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. வழக்குப் போட்ட பெண் அதைப் பார்க்க உயிரோடு இல்லை. வாரிசுகள்தான் இருந்தார்கள்.

"பொதுச் சொத்து போயிடக் கூடாதே" என்பார்கள். சரி. பொதுச் சொத்து மேல அவ்வளவு அக்கறை இருந்தா, 90 நாளில் ஒரு கையெழுத்துப் போட முடியாதா? அரசு வக்கீல் இருக்காரு, அலுவலகம் இருக்கு, கம்ப்யூட்டர் இருக்கு. ஒண்ணுமே இல்லாத குடியானவன் கெடுவைக் காக்கணும், எல்லாம் உள்ள அரசு தூங்கலாமா?

அரசுத் துறைக்கென்று தனிச் சலுகை கிடையாது என்று 2012லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2020 வழக்கில் 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்து, பொறுப்பான அதிகாரிகளிடமே வசூலிக்கச் சொன்னது. அது எல்லா வழக்கிலும் நடக்க வேண்டாமா?

நம் கோரிக்கை மூன்று:

1. கெடு தாண்டிய ஒவ்வொரு அரசு அப்பீலிலும், ஃபைல் யார் மேசையில் எத்தனை நாள் கிடந்தது என்று பட்டியல் தர வேண்டும்.
2. செலவுத்தொகை மக்கள் வரிப்பணத்தில் அல்ல, தவறு செய்தவரின் சம்பளத்தில் பிடிக்க வேண்டும்.
3. கெடுவுக்குள் அப்பீல் போகாவிட்டால், தீர்ப்பை மறுபேச்சில்லாமல் நிறைவேற்ற வேண்டும்.

உங்களுக்கும் ஒரு வார்த்தை. தீர்ப்பு பாதகமா வந்தா, அன்னைக்கே சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்க. நகல் தயாராகும் நாள்கள் கெடுவில் சேராது. பெண்களுக்கும் பட்டியலின, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. வட்ட சட்டப் பணிகள் குழுவில் கேளுங்க. தாமதமா வந்த அரசு மனுவுக்கு நோட்டீஸ் வந்தா, பயந்து ஒதுங்காதீங்க. எதிர்மனு போடுங்க. ஒவ்வொரு நாளுக்கும் கணக்குக் கேளுங்க.

தூங்கினவனுக்கு மன்னிப்பு, காத்திருந்தவனுக்குத் தண்டனை என்றால் அதுக்குப் பேரு நீதியா?

பகிருங்கள் தோழர்களே!

#கெடு_அனைவருக்கும்_பொது
#சங்கரன்கோவில்