ரப்பர் உடுப்புக்குள் ஒரு மனிதர்

வாசகர்களே, காட்ஸில்லா என்னும் பூதப் பிராணியை நம் பிள்ளைகளுக்கு அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. கடலிலிருந்து எழுந்து தோக்கியோ நகரைத் துவம்சம் செய்யும் அதன் படத்தைப் புத்தகப் பையில் போட்டுக்கொண்டே பள்ளிக்கு வருகிறார்கள். அதை நடக்க வைத்தவர் யார் என்று கேட்டால் மட்டும், பெரியவர்களே விழிக்கிறார்கள்.

அவர் பெயர் ஹருவோ நகாஜிமா. 1929 ஜனவரி முதல் நாள், ஜப்பானில் யமகாதா மாநிலத்தின் சகாதா ஊரில் பிறந்தவர். தோஹோ படக் கம்பெனியில் சண்டைக்காட்சிகளில் வந்துபோகும் சிறு நடிகர். குரோசாவாவின் புகழ்பெற்ற 'ஏழு சாமுராய்' படத்தில்கூட இருக்கிறார். வீரராக அல்ல, கொள்ளையர்களில் ஒருவராக!

அதே 1954-இல்தான் இஷிரோ ஹோண்டாவின் இயக்கத்தில் முதல் காட்ஸில்லா படம் தயாரானது. பசிபிக் கடலில் அமெரிக்கா வெடித்த அணுகுண்டின் நச்சுச் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிப் படகின் மேல் விழுந்து, நாடே கலங்கியிருந்த வருடம் அது. தந்திரக்காட்சி நிபுணர் எய்ஜி சுபுராயாவுக்கு, பொம்மையை அங்குலம் அங்குலமாக நகர்த்திப் படமெடுக்க ஆசை. அதற்குக் காலமும் இல்லை, பணமும் இல்லை. ஆகவே ஓர் ஆளுக்கு உடுப்பு மாட்டி நடக்கவிடுவது என்று முடிவானது.

ரப்பர் என்றதும் நமக்கெல்லாம் காது நிமிரும். மூங்கில், கம்பி, துணி, ரப்பர் இவற்றால் செய்த அந்த முதல் உடுப்பின் எடை சுமார் 100 கிலோ. ஒரு மூட்டை அரிசியைத் தூக்கிப் பார்த்தவர்களுக்கு அது என்னவென்று புரியும். கழுத்துப் பகுதியில் இருந்த சிறு துளைகள் வழியேதான் வெளியே பார்க்க முடியும். மேலே சுட்டெரிக்கும் விளக்குகள். சில அடி நடப்பதற்குள் மூச்சு வாங்கும். கழற்றியதும் உள்சட்டையிலிருந்து வியர்வையைப் பிழிய வேண்டும்.

ஆனால் நகாஜிமா சுமை தூக்கியதற்காக மட்டும் நான் அவரை மெச்சவில்லை. உயெனோ மிருகக்காட்சிசாலைக்குப் போய், யானையும் கரடியும் எப்படி அடி வைக்கின்றன என்று நின்று நின்று பார்த்தாராம். படச்சுருளை வேகமாக ஓடவிட்டு எடுப்பார்கள். திரையில் அசைவு மெதுவாகத் தெரியும், பிராணியும் மலைபோல் கனமாகத் தோன்றும். அதனால் உள்ளே இருப்பவர் அத்தனை எடையோடும் விரைவாக இயங்க வேண்டும். வாத்தியார் வேலை பார்க்கும் எனக்கு, இப்படி உட்கார்ந்து கற்றுக்கொள்ளும் ஆளைக் கண்டால் தனிப் பிரியம்.

1956-இல் ரோதான் என்னும் பறவைப் பூதமாகத் தொங்கியபோது கம்பி அறுந்து தண்ணீரில் விழுந்தார். எழுந்து வந்து நடித்தார். 1967-இல் கிங்காங் குரங்கும் அவரே.

1972 வரை பன்னிரண்டு படங்களில் காட்ஸில்லா. அதற்குள் ஜப்பானிய சினிமா நலிந்து, தோஹோ தன் நடிகர்களைக் குறைத்தது. உலகம் முழுவதும் அறிந்த அந்தப் பிராணியாக நடித்தவருக்குக் கம்பெனி கொடுத்த அடுத்த வேலை என்ன தெரியுமா? தனக்குச் சொந்தமான பந்துருட்டு விளையாட்டுக் கூடத்தில் ஓர் உத்தியோகம்!

முதுமையில் அமெரிக்க ரசிகர்கள் அவரைத் தேடி அழைத்துக் கையெழுத்து வாங்கினார்கள். அப்போதுதான் அவர் முகத்தைப் பலர் முதன்முதலாகப் பார்த்தார்கள். 2017 ஆகஸ்ட் 7-ஆம் தேதி, 88 வயதில் காலமானார். அதற்கு முந்தைய வருடம் ஜப்பானில் வந்த காட்ஸில்லா படத்தைக் கம்ப்யூட்டரில் வரைந்தார்கள். அதற்கும் நடை வேண்டியிருந்தது. நோமுரா மான்சாய் என்ற மேடை நடிகரை நடக்கச் சொல்லி, அவர் அசைவிலிருந்துதான் எடுத்துக்கொண்டார்கள்.