கத்தரிக்கோலும் கட்டளையும்

யப்பானிய மலினப் படங்களைப் பற்றிப் பேசுவோர் இரு சாரார். ஒழுக்கத்தின் காவலர்கள் அவற்றைச் சாக்கடை என்று தூற்றுவர். கலையின் பூசாரிகளோ அச்சாக்கடையில் மேதைகளைத் தேடி மாலை சூட்டுவர். அங்கே தொழில் தொடங்கிய தக்கிதா யோஜிரோவின் படம் 2009 இல் ஒஸ்கார் பெற்றதல்லவா என்று கேட்பர். இவ்விரு சாராருமே காணாத ஒருவர் இருக்கிறார். அவர்தான் படத்தொகுப்பாளர். அவருடைய மேசையருகே நின்று இவர்களுக்கு விடை கூற விரும்புகிறோம்.

1958 இல் யப்பானியத் திரையரங்குகளில் விற்பனையான நுழைவுச் சீட்டுகள் ஏறத்தாழ 112 கோடி. தொலைக்காட்சி வீடுகளுக்குள் புகுந்த பின்னர், 1971 இல் அது 22 கோடிக்கும் கீழே வீழ்ந்தது. இலாபம் கரைந்ததும் முதலாளிகள் பெண்ணுடலைச் சந்தைக்குக் கொணர்ந்தனர். 1962 இல் சிறு நிறுவனங்கள் தொடங்கிவைத்த இவ்வியாபாரத்தை, பழம்பெரும் நிக்காத்சு நிறுவனம் 1971 நவம்பரில் ‘ரோமன் போர்னோ’ என்ற பெயரில் தனதாக்கிக்கொண்டு 1988 வரை நடத்தியது. இம்முடிவை எடுத்தவர்கள் கத்தரிக்கோல் பிடித்தவர்களா?

சுசுகி அகிராவின் தொழில்வாழ்வை நோக்குவோம். சுசுகி செய்ஜூன் 1964 இல் இயக்கிய ‘தசையின் வாசல்’ படத்தைத் தொகுத்தவர் அவர். நிறுவனம் ரோமன் போர்னோவுக்குத் திரும்பியதும் அப்படங்களும் அவர் மேசைக்கு வந்தன. பின்னர் இத்தாமி ஜூசோவின் ‘டம்போப்போ’ 1985 இல் வெளிவந்து உலகெங்கும் பாராட்டுப் பெற்றபோது, அதைத் தொகுத்தவரும் அவரே. கை ஒன்றே, கத்தரிக்கோலும் ஒன்றே. அக்கை எந்த ஆண்டில் அழுக்கானது, எந்த ஆண்டில் தூய்மையடைந்தது? ஒழுக்கத்தின் காவலர்கள் கூறட்டும்!

கலையின் பூசாரிகள் இன்னொரு வாதத்தை முன்வைப்பர். படுக்கையறைக் காட்சிகள் குறித்த அளவில் இருந்தால் போதும், ஏனையவை யாவும் கலைஞனின் விருப்பம். ஆகவே அங்கே சுதந்திரம் நிலவியது என்பர். அந்த அளவை நாடா நாடாவாக அளந்து சேர்த்தவரிடம் இச்சுதந்திரத்தைப் பற்றிக் கேட்டிருக்க வேண்டும். விற்பவன் நீட்டச் சொல்கிறான். ‘எய்ரின்’ என்னும் தணிக்கைக் குழு வெட்டச் சொல்கிறது. இரண்டு எசமானர்க்கும் இடையில் நிற்பது ஒரே கத்தரிக்கோல். சிறு நிறுவனப் படங்களின் நிலை இன்னும் கொடியது. ஏறத்தாழ 30 இலட்சம் யென் செலவில், சில நாட்களில் எடுத்து, ஒலியைப் பின்னர் சேர்த்த ஒருமணிநேரப் படங்கள் அவை. எடுக்காமல் விட்ட காட்சியின் இடைவெளியைத் தொகுப்பு மேசையில்தான் நிரப்ப வேண்டும். முதல் போட்டவன் மிச்சம்பிடித்த பணத்தைத் தொழிலாளி தன் திறமையால் ஈடுசெய்தான். இதற்குச் சுதந்திரம் என்று பெயரா?

படத்தொகுப்பாளரைப் புனிதராக்குவது நமது நோக்கமன்று. நடிகையின் உடல் திரையில் எத்தனை விநாடி நிற்க வேண்டும் என்பதை அந்நடிகை தீர்மானிக்கவில்லை. அவளும் கூலிக்கு உழைத்தவளே. ஒரு தொழிலாளியின் உடலை இன்னொரு தொழிலாளியின் கைகொண்டே அளந்து விற்கச் செய்வதுதான் இவ்வமைப்பின் கொடுமை. ஆயினும் 1972 சனவரியில் பொலிசார் நிக்காத்சுவுக்குள் புகுந்தபோது தேடியது ஆபாசத்தையே, சுரண்டலை அன்று. அவ்வழக்கு 1978 இல் விடுதலைத் தீர்ப்புடன் முடிந்தது. 1980 இல் மேல் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. நடிகைக்கும் தொகுப்பாளருக்கும் அத்தீர்ப்பினால் விளைந்த உரிமை யாது?

என்ன படம் எடுப்பது என்பதில் தமக்கும் குரல் வேண்டுமென்று யப்பானியத் திரைப்படத் தொழிலாளர் ஒருகாலத்தில் கேட்டதுண்டு. தோஹோ நிறுவனத் தொழிலாளர் ஆட்குறைப்பை எதிர்த்து 1948 இல் படப்பிடிப்புத் தளத்தைக் கைப்பற்றி நின்றனர். ஓகஸ்ட் மாதத்தில் அவர்களை வெளியேற்றப் பொலிசாருக்குத் துணையாக அமெரிக்க ஆக்கிரமிப்புப் படையின் டாங்கிகள் வந்தன. வானத்தில் விமானங்கள் வட்டமிட்டன. குரல் கேட்டவர்களுக்கு டாங்கிகளை அனுப்பிய தொழில்துறையில், இருபத்துமூன்று ஆண்டுகளின் பின்னர், ‘இத்தகைய படத்தை ஏன் தொகுத்தாய்?’ என்று தொழிலாளியை மட்டும் கேட்பது என்ன நியாயம்?

மாணவர்க்குத் திரைப்படத்தைக் கற்பிக்கும் ஆசிரியர்கள், இயக்குநரின் பெயரோடு பாடத்தை முடித்துவிடலாகாது. பெயர்ப்பட்டியலில் ஒரு வரியாக ஓடி மறையும் அந்தத் தொகுப்பாளரின் பெயரில் நிறுத்தி, வெட்டச் சொன்னவன் யார், நீட்டச் சொன்னவன் யார், இலாபத்தை எடுத்துச் சென்றவன் யார் என்று கேட்கப் பழக்குங்கள். கலை விமர்சனம் அங்கேதான் தொடங்குகிறது.