துவராடையும் நம் மௌனமும்

தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரம் பகுதிகளில் வாழும் நம்மவர் பலர் மின்சார ரயிலில் நாள்தோறும் எழும்பூரைக் கடந்து செல்கின்றனர். அந்நிலையத்திற்கு அருகிலேயே மகாபோதி சங்கத்தின் பௌத்த விகாரை இருக்கிறது. ஆயினும், அச்சமயத்தார் ஆண்டுதோறும் துவராடை வழங்கும் விழாவின் பொருளை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

மாரிக்காலத்தில் பிக்குகள் மூன்று மாதம் ஓரிடத்தில் தங்கி நோன்பிருப்பர். அது நிறைவெய்திய ஒரு மாதத்திற்குள் மக்கள் ஆடைக்கான துணியை அளிப்பர். இதுவே கட்டின சீவர தானம். பிக்கு அதனைக் கேட்டுப் பெறலாகாது. துணி தனியொருவருக்கன்று, சங்கத்திற்கே உரியது. சங்கமே அதனைத் தகுதியுள்ள ஒருவருக்கு வழங்கும். அன்றைக்கே வெட்டித் தைத்துச் சாயமேற்றிவிட வேண்டும். கொள்கையால் நாம் வேறுபட்டவர்களே. எனினும் வக்பின் மேன்மையை அறிந்த நமக்கு, ஆளுக்கன்றிப் பொதுவிற்கு ஈயும் இவ்வறம் அந்நியமாகத் தோன்றலாமா?

"இலங்கையில் 2014-இல் அளுத்கமையிலும் 2018-இல் திகனையிலும் நம் சகோதரர்களின் இல்லங்கள் எரிந்தனவே! பகைமையை மூட்டியோருள் துவராடையினரும் இருந்தனரே!" என்பர் சிலர். உண்மை. 2020-இல் நம் ஜனாஸாக்களை அடக்கம் செய்ய விடாது எரித்த கொடுமையையும் நாம் மறந்தோமில்லை. ஆயின், அணிந்தவரின் குற்றத்தை ஆடையின்மேல் ஏற்றுவது எவ்வகை நீதி? தாடியையும் தொப்பியையும் கண்டு ஐயுறுவோரிடம் நாம் கேட்பதும் இதே வினாவன்றோ! 2013 மார்ச்சில் தஞ்சையிலும் சென்னையிலும் இலங்கைப் பிக்குகள் தாக்கப்பட்டனர். ஈழத்துத் துயரால் எழுந்த கோபம் நியாயமானதே. அடிபட்டவர்களோ அத்துயரை இழைத்தவர்கள் அல்லர்.

இனி, நம்மை நாமே வினவ வேண்டிய இடத்திற்கு வருவோம். முஸ்லிம்கள் பெரும்பான்மையாய் வாழும் வங்காளதேசத்தில் 2012 செப்டம்பரில் ராமு என்னும் ஊரில் விகாரைகள் தீக்கிரையாக்கப்பட்டன. அந்நாட்டின் மலை மாவட்டமாகிய ரங்காமாட்டியில் பெண்கள் இரவு பகலாகப் பஞ்சை நூற்று, நெய்து, சாயமேற்றி 24 மணி நேரத்திற்குள் சீவரம் ஆக்குவது வழக்கம். 2024 செப்டம்பரில் அம்மலைநாட்டில் வன்முறை மூண்டது, உயிர்கள் பலியாயின. பாதுகாப்பில்லை எனக் கூறி, மூன்று மலை மாவட்டங்களிலும் அவ்வாண்டு இத்தானம் நிகழாது எனப் பிக்குகள் அக்டோபரில் அறிவித்தனர். ஒரு சிறுபான்மையினர் தம் திருநாளைத் தாமே கைவிட்டனர். அளுத்கமைக்காகக் கண்ணீர் வடித்த நாம் அன்று என்ன செய்தோம்? வாய் திறந்தோமா?

ஒரு கூட்டத்தார்மீதுள்ள வெறுப்பு நம்மை நீதியினின்று பிறழச் செய்யலாகாது என்பது திருமறையின் கட்டளை. துறவியர் மடங்களும் பிற வழிபாட்டு இல்லங்களும் இடிபடாமல் காக்கப்படுவதைப் பள்ளிவாசல்களோடு சேர்த்தே அது பேசுகிறது. நமக்கு நேர்ந்தால் அநீதி, பிறர்க்கு நேர்ந்தால் வெறும் செய்தி என்றிருப்போர் இம்மறையை ஓதி என்ன பயன்?

ஐப்பசி, கார்த்திகையில் அவ்விழா வரும்போது எழும்பூரில் சற்றே இறங்குவோம். அங்குள்ளோரிடம் நலம் வினவுவோம். ரங்காமாட்டிக்காகவும் நாம் வருந்தினோம் என்று உரைப்போம். அளுத்கமைக்காக நீதி கேட்கும் நம் குரலுக்கு அன்றுதான் முழுமை வாய்க்கும்.